வூஹானில் நின்ற ஆறு

காலை பத்து இருபதுக்கு நான் வூஹானில் நின்றேன். கரும்பலகையில்தான். ஹோர்சன்ஸ் என்ற டேனிஷ் நகரில், அகதிகளுக்கான மொழிப் பள்ளியில் ஆளுக்கொரு பொருள் பற்றி டேனிஷில் பேசச் சொன்னார்கள். யாழ்ப்பாணத்தில் புவியியல் படிப்பித்தவன் நான். யாங்சி ஆற்றைக் கடலிலிருந்து மேல்நோக்கி வரைந்துகொண்டு போனேன். பெரிய கடற்கப்பல்கள் வூஹான் வரை வரும் என்று சொன்ன நேரம், பள்ளிக் காரியாலயப் பெண் உள்ளே வந்து, குடிவரவு அலுவலகத்திலிருந்து வந்த தொலைபேசிச் செய்தியைச் சொன்னாள். மனைவியையும் மகளையும் ஊரிலிருந்து இங்கே கூப்பிட நான் போட்ட விண்ணப்பத்துக்கு இப்போதைக்கு முடிவு கிடையாதாம்.

மகளுக்குப் பதினெட்டு ஆகச் சில மாதங்களே இருந்தன. ஆகிவிட்டால் சட்டப்படி அவள் என் பிள்ளைக் கணக்கில் வரமாட்டாள். அங்கே ஷெல் விழுந்துகொண்டிருந்தது.

“ஆற்றை முடியுங்கள், நன்றாகப் போகிறது” என்றாள் ஆசிரியை.

முடித்தேன். வூஹானுக்கு மேலே சிறிய கப்பல்கள். மலையிடுக்குகளில் ஒருகாலத்தில் மனிதர்கள் கயிறு கட்டிப் படகை இழுத்தார்கள். யிபினுக்கு அப்பால் கப்பல் போக்குவரத்துப் பெரிதாக இல்லை. குளிர்காலத்தில் தண்ணீர் வற்றினால் மாலுமிக்குக் காரணமாவது தெரியும். இந்த ஒழுங்கான நாட்டில், என் ஃபைல் எந்த மேசையில் தரைதட்டி நிற்கிறது என்று சொல்ல ஒரு ஆள் இல்லை.

நான் தங்கிய அறையில் என்னோடு இருந்த ஊர் இளைஞனுக்குக் காரணம் தெரிந்திருந்தது. “வெறுங்கையோட அரசாங்கக் கச்சேரிக்குப் போனால் அலுவல் நடக்குமே, அண்ணை?”

அவன் சுட்ட பயத்தம்பணியாரத்தை டின்னில் போட்டுக்கொண்டு இருவரும் அலுவலகம் போனோம். அதிகாரி டின்னை இரண்டு விரலால் தள்ளினாள். “வாங்க முடியாது. சட்டம்.”

திரும்பும் பஸ்ஸில் அவன் ஒன்றை எடுத்துக் கடித்தான். “சட்டத்துக்குச் சீனி வியாதியாக்கும், அண்ணை.”

எங்களைப் போன்ற தமிழ் அகதிகளின் விண்ணப்பங்களை அமைச்சின் மேலிடமே சட்டத்துக்கு மாறாக நிறுத்தி வைத்திருந்தது என்பது பிறகு வெளியே வந்தது. பணியாரத்துக்கு இருந்த சட்டம் பிள்ளைகளுக்கு இருக்கவில்லை. அதற்குள் மகளுக்குப் பதினெட்டு கடந்துவிட்டது. கடைசியில், ஏதோ பெருந்தன்மை காட்டுவதுபோல, அவளையும் சேர்த்துக்கொண்டார்கள்.

விமான நிலையத்தில் மனைவி என் கையைப் பிடித்துக்கொண்டு அழுதாள். என் உயரத்துக்கு வளர்ந்திருந்த மகள் தள்ளியே நின்றாள்.

“எங்களைக் கூப்பிட உங்களுக்கு விருப்பமில்லை எண்டுதான் நான் நினைச்சனான், அப்பா” என்றாள்.