ஏரியலைத் திருப்பி வெச்சுட்டுப் போன மாணிக்கம் அண்ணே

மாணிக்கம் அண்ணே போயிட்டாராம். காலையில எங்க காப்பார் எஸ்டேட் வாட்ஸ்அப் குரூப்ல பாத்தேன்... டீ ஆறிப்போச்சு, குடிக்கல.

எழுபதுகள்ல எங்க எஸ்டேட் லைன் வீடுங்கள்ல யார் வீட்டுக் கூரையில டிவி ஏரியல் கட்டணும்னாலும் அவர்தான்.

அப்ப பார்வதி அக்கா வீட்ல மட்டும்தான் டிவி. தமிழ்ப் படம் போடுற அன்னைக்குக் கோயில் பஜனையையே சீக்கிரம் முடிச்சிருவாங்க. பாதி லைன் அக்கா வீட்டு சிமெண்ட் தரையிலதான்.

அந்த டிவிய வாங்கினது அக்கா மகன் செல்வம். மோட்டார் சைக்கிள்ல போய் லோரியில அடிபட்டுச் செத்துட்டான். பத்தொன்பது வயசு.

சில மாசம் டிவிய வெள்ளைத் துணி போட்டு மூடி வெச்சிருந்தாங்க. எடுத்தப்புறம் படம் ரெட்டையா தெரிஞ்சுச்சு. ஒவ்வொரு ஆளுக்கும் பக்கத்துல மங்கலா இன்னொரு ஆள்.

"சரி பண்ண வேணாம். அவன்தான் நிக்கிறான்"னு அக்கா சொல்லும். பாவமா இருக்கும்.

ஆனா தீபாவளிப் படம் வருதே... லைன்ல எல்லாரும் கெஞ்சி, அக்கா ஒத்துக்கிட்டு, அண்ணே வந்தாரு. சாயங்காலம் அஞ்சு மணி.

அவர் கூரை மேல. எனக்கு இருபது வயசு, பேக்டரி லீவு, ஜன்னல்கிட்ட நின்னு "இன்னும் கொஞ்சம்ணே... ஆங், போதும்"னு கத்துறேன். அக்கா அடுப்படியில அவருக்கு டீ போடுது.

படம் சுத்தமா வந்துருச்சு. மலாய்க்காரம்மா ஒருத்தங்க சமையல் சொல்லித் தர்றாங்க. அண்ணே இறங்கி உள்ள வந்தாரு.

அந்தம்மா குனிஞ்சு சட்டியக் கிண்டினாங்க. ரெட்டை போயும் பக்கத்துல ஒரு நிழல் மட்டும் நின்னுச்சு, அது குனியல.

நிமிர்ந்தபடி எங்களையே பாத்துச்சு.

"தங்கச்சி, நீ பாத்தியா?"

"என்னத்தண்ணே?"ன்னேன். பயம். சொன்னா நெசமாயிடுமோன்னு.

அண்ணே மறுபடி கூரையில ஏறி, ஏரியலைப் பழைய மாதிரியே திருப்பி வெச்சாரு. எல்லாம் ரெட்டையா தெரிஞ்சா எது வெறும் நிழல், எது அவன்னு யாருக்கும் தெரியாதில்ல. "இங்க சிக்னல் இவ்ளோதான் லா"ன்னு அக்காகிட்ட சொல்லிட்டு, டீ குடிக்காம போயிட்டாரு.

அதுக்கப்புறம் அவர் ஏரியல் வேலைக்கே போகல. கிள்ளான்ல லோரி ஓட்டினாரு. கூரை ஏறப் பயப்படுற பயந்தாங்கொள்ளின்னு லைன்ல கிண்டல் பண்ணாங்க. நானும் சேர்ந்து சிரிச்சேன்.

பல வருசம் கழிச்சு ஒரு கல்யாணத்துல என்னைத் தனியா கூப்பிட்டாரு. "அன்னைக்கு எனக்கு மட்டும்தான் தெரிஞ்சுச்சா, தங்கச்சி? என் மண்டையிலதான் கோளாறா?"

"எதைண்ணே கேக்குறீங்க?"ன்னேன். தலையாட்டிட்டு சாப்பிடப் போயிட்டாரு.

இத்தனை வருசம் அந்த மனுசனத் தனியா விட்டுட்டேன்.

போயிட்டு வாங்கண்ணே... நானும் பாத்தேன். சட்டை பட்டன் வரைக்கும் பாத்தேன்.