விட்டம் டீச்சர்

இப்போது வேலை பார்க்கும் பள்ளியில் பிள்ளைகள் அவளுக்கு வைத்திருக்கும் பட்டப்பெயர் ‘விட்டம் டீச்சர்’. எந்த வகுப்புக்குள் நுழைந்தாலும் முதலில் விட்டத்தைப் பார்த்துவிட்டுத்தான் வணக்கத்துக்கே பதில் சொல்வாள். பிள்ளைகளுக்குச் சிரிப்பு. எதற்குப் பார்க்கிறாள் என்பது அவளுக்கல்லவா தெரியும்!

முந்தைய பள்ளியில் அவள் வரலாறு நடத்தினாள். மாடி வகுப்பில், கடைசி பெஞ்சுக்கு மேலே கூரை வீங்கி, துருப்பிடித்த கம்பி எட்டிப் பார்த்துக்கொண்டிருந்தது. ஒருநாள் உள்ளங்கை அகலத்துக் காரை பெயர்ந்து ஒரு பையனின் புத்தகத்தின்மேல் விழுந்தது. அவன் தண்ணீர் குடிக்கப் போயிருந்தான், பிழைத்தான். தாளாளரிடம் சொன்னாள், வெள்ளையடித்தார்கள். பெற்றோர் கூட்டத்தில் எழுந்து சொன்னாள். ஒழுங்கீனம் என்று சீட்டைக் கிழித்தார்கள். உள்ளதைச் சொன்னால் உடம்பெரிச்சல்தானே!

விட்டேனா பார் என்று வழக்குப் போட்டாள். ஆனால் ஒழுங்கீனத்துக்காக நீக்கப்பட்டவள் என்ற பேரோடு எந்தப் பள்ளி வாசலை மிதித்தாலும் கும்பிடு போட்டு அனுப்பினார்கள். கடைசியில் அவளுடைய வக்கீலே சமரசம் கொண்டுவந்தார்.

“நீக்கம்ங்கறதை ராஜினாமான்னு மாத்திக் கொடுக்கறாங்கம்மா. நல்ல சர்ட்டிபிகேட்டும் தர்றாங்க. நீங்க கேஸை வாபஸ் வாங்கணும். ஸ்கூலைப் பத்தி வெளியில ஒரு வார்த்தை பேசக் கூடாது. பேசினா எல்லாம் ரத்து.”

“கூரை சார்?”

“அதை அவங்க பார்த்துப்பாங்க. நீங்க உங்க பொழப்பைப் பாருங்க.”

“கோர்ட்டுல ஜெயிச்சவன் தோத்தான், தோத்தவன் செத்தான். கையெழுத்தைப் போட்டுத் தொலை,” என்றான் கணவன். போட்டுத் தொலைத்தாள்.

அன்றைக்குப் பிடித்தது சனியன். பாத்திரம் கழுவும்போது, துணி மடிக்கும்போது, எங்கோ எதுவோ தொப்பென்று விழும். ஆம்புலன்ஸ் சத்தம் கேட்டால் கைவேலையைப் போட்டுவிட்டு நிற்பாள். “பக்கத்து வீட்டுக் கதவுடி,” என்பான் கணவன். அவள் எழுந்து போய்த் தெருவைப் பார்த்துவிட்டுத்தான் வருவாள்.

போன வாரம் அந்தப் பக்கத்து வீட்டுக்காரி வாயெல்லாம் பல்லாக வந்து நின்றாள்.

“அக்கா, நீங்க இருந்தீங்களே, அந்த ஸ்கூல்லயே பாப்பாவுக்கு இடம் கெடச்சிருச்சு! மாடி கிளாஸ். புதுசா வெள்ளையெல்லாம் அடிச்சுப் பளபளன்னு இருக்கு. எப்படிக்கா, நல்ல ஸ்கூல்தானே?”

இப்போதும் வெறும் வெள்ளைதானா? சொல்லிவிடலாம். ஆனால் இவளோ ஓட்டை வாய். நாளைக்கே தாளாளர் முன்னால் நின்று “அக்கா சொன்னாங்க” என்பாள். மறுபடி வேலை போகும், பேரும் போகும்.

“நல்லாத்தான் சொல்லித் தருவாங்க,” என்றாள். பிறகு மனசு கேட்காமல் அவள் கையைப் பிடித்துக்கொண்டாள். “கடைசி பெஞ்சு மட்டும் வேணாம். முதல் பெஞ்சுல உக்கார வைக்கச் சொல்லு. மறந்துடாதே, என்ன?”

“டீச்சர் புத்தி உங்களை விட்டுப் போகுமா!” என்று சிரித்துக்கொண்டே அவள் போனாள்.

அப்பாடா, ஒரு பிள்ளையைக் காப்பாற்றியாயிற்று என்று ஒரு நொடி இருந்தது. அடுத்த நொடி அதுவும் போயிற்று. கடைசி பெஞ்சை யாரும் காலியாக விடப்போவதில்லை. அங்கே உட்காரப்போகிற பிள்ளையின் அம்மா அவளுக்குப் பக்கத்து வீட்டுக்காரி இல்லை, அவ்வளவுதான்.