ஒன்று கூடும் நாடு

என் தம்பி எழுதிய நாவலைப் போன வருடம் திருகோணமலையில் வெளியிட்டார்கள். துறைமுகத்துக்குக் கிட்டவுள்ள ஒரு மண்டபத்தில், முன்வரிசையில் அம்மாவும் நானும் இருந்தோம். கனடாவிலிருந்து வந்திருந்த அவன் மேடையில் இருந்தான். நாவல் ஒரு கற்பனை நாட்டைப் பற்றியது. அந்த நாட்டில் ஒரு விசித்திரமான கணக்கு விதி உண்டு. ஒரு வீட்டில் இருப்பவர்களை யார் எண்ணினாலும், இருப்பதைவிட ஒன்று கூடுதலாகத்தான் வரும். ஏன் என்று அங்கே எவருக்கும் தெரியாது.

அந்த விதியை உண்டாக்கியவள் நான். அப்போது எனக்குப் பதின்மூன்று வயது, தம்பிக்கு ஆறு.

போரில் எங்கள் ஊரான சம்பூரை விட்டு ஓடிய நாளில், கட்டியிருக்கும் மாடுகளை அவிழ்த்துவிட்டு வருகிறேன் என்று பாதி வழியில் திரும்பிப் போன அண்ணா வரவேயில்லை. அப்பா தம்பி பிறந்த வருடமே காய்ச்சலில் இறந்துபோயிருந்தார். அகதி முகாமுக்கு வந்து சேர்ந்தது நாங்கள் மூன்று பேர். நிவாரண அரிசிக்கு ஆட்களை எண்ணக் கிழமைக்கு ஒருமுறை பதிவுக்காரர் கூடாரம் கூடாரமாக வருவார்.

"எத்தினை பேர்?"

"நாலு பேர், ஐயா," என்பார் அம்மா.

பதிவுக்காரர் எங்களை எண்ணிவிட்டு மூன்று என்று எழுதுவார். அடுத்த கிழமையும் அம்மா நாலு என்பார். கூடுதல் அரிசிக்காகப் பொய் சொல்கிறாள் என்று பக்கத்துக் கூடாரங்களில் கதைத்தார்கள். நாலாவது பங்கு ஒருநாளும் எங்களுக்குக் கிடைத்ததில்லை. அம்மா அதைக் கேட்டதுமில்லை.

ஒருநாள் தம்பி தண்ணீர் வரிசையில் நின்றபோது மற்றப் பிள்ளைகள் அவனைச் சுற்றி நின்று "நாலு பேர், ஐயா" என்று கத்தினார்கள். அழுதுகொண்டு வந்தவனை இருத்திவைத்து, தூரத்தில் ஒரு நாடு இருக்கிறது என்று தொடங்கினேன். அங்கே எண்ணினால் எப்போதும் ஒன்று கூடும். அம்மா சொல்வது அந்த நாட்டுக் கணக்கு, அங்கே அதுதான் சரி. அவன் அழுகையை நிற்பாட்டிவிட்டு ஆராயத் தொடங்கினான்.

"ஆளே இல்லாத வீட்டிலை?"

"ஒண்டு வரும்."

"மூண்டு பேர் இருக்கிற ரெண்டு வீட்டைத் தனித்தனியா எண்ணினால் எட்டு வருமே. எல்லாரும் ஒரே வீட்டிலை இருந்தால் ஏழுதானே வரும்? மற்ற ஆள் எங்கை போறது?"

என்னால் சொல்ல ஏலவில்லை. இப்போது நான் கணித ஆசிரியை. இப்போதும் என்னிடம் அதற்கு விடை இல்லை. அந்தக் கேள்விதான் அவனுடைய நாவலின் மையப் புதிர். அதைப் பற்றி யார் யாரோ இணையத்தில் விவாதிக்கிறார்களாம்.

வெளியீட்டில் அவன் மூன்றாம் அத்தியாயத்தை வாசித்தான். அதில் ஒரு விதவை வருகிறாள். அந்த விதியைச் சாட்டாக வைத்து, அரசனின் களஞ்சியத்தில் கூடுதலாக நெல் வாங்கப் பார்க்கிறாள். ஊர் அவளைக் கண்டுபிடித்து ஆற்றுக்கு அப்பால் துரத்திவிடுகிறது. "நாலு பேர், ஐயா" என்று அவள் சொல்லும் இடத்தை, அம்மா இழுத்துக் கதைப்பதைப் போலவே வாசித்தான். மண்டபம் சிரித்தது. எனக்கு அம்மாவைத் திரும்பிப் பார்க்கத் துணிவு வரவில்லை. எல்லாரும் கைதட்டியபோது அவரும் தட்டினார்.

கப்பல்துறையிலுள்ள எங்கள் வீட்டுக்கு நானும் அம்மாவும் ஓட்டோவில் வந்துகொண்டிருந்தபோது அவர் கேட்டார், "அந்தப் பொம்பிளை நானோ, பிள்ளை?"

"இல்லையம்மா. அது சும்மா கதை."

"ஓம். நல்லா வாசிச்சவன்."

பின்னால் வந்த தம்பியைக் குசினிக்குக் கூட்டிப்போய்த் தேத்தண்ணி ஊற்றிக் கொடுத்துக் கேட்டேன். "அம்மா ஏன் நாலு எண்டு சொன்னவ எண்டு உனக்குத் தெரியாதோ?"

"அரிசிக்குத்தானே, அக்கா? முகாமிலை எல்லாரும் அப்பிடித்தானே சொன்னவை."

அவன் நடிக்கவில்லை. அண்ணாவின் முகம்கூட அவனுக்கு நினைவில் இல்லை. அண்ணாவையும் சேர்த்துத்தான் அம்மா எண்ணினார் என்று சொன்னேன். அவன் கையிலிருந்த தேத்தண்ணியைக் குடிக்காமல் வைத்துவிட்டான்.

"நீங்கள் அப்பவே எனக்குச் சொல்லியிருக்கலாம்," என்றான் கடைசியில். "ஒரு விளையாட்டைச் சொல்லித் தந்தீங்கள். காரணத்தைச் சொல்லேல்லை. இப்ப புத்தகம் அச்சாகிட்டுது, நான் என்ன செய்ய ஏலும்?"

அவன் மேல் எனக்கு வந்த கோபத்தில் பாதி என் பக்கம் திரும்பியது அப்போதுதான். அண்ணா என்ற சொல்லை அந்த வயதில் என் வாயால் சொல்லப் பயந்துதான் ஒரு நாட்டையே கட்டினேன். அந்த நாட்டுக்குள் என் அம்மா ஒரு கள்ளியாகக் குடியேற்றப்பட்டிருக்கிறார்.

அவன் திரும்பிப் போய் இரண்டு மாதத்தில், வாக்காளர் பெயர்ப்பட்டியலைத் திருத்தக் கிராம சேவகர் வீட்டுக்கு வந்தார். அம்மாவும் நானும் மட்டும்தான் அங்கே இருக்கிறோம். இத்தனை வருடமாக யார் வந்து கேட்டாலும் அம்மா அண்ணாவை விட்டுவிட்டுச் சொன்னதில்லை.

"எத்தினை பேர், அம்மா?"

"ரெண்டு பேர்," என்றார்.

நான் உள்ளிருந்து வாசலுக்கு வருவதற்குள் கிராம சேவகர் எழுதி முடித்துவிட்டார். என்னவென்று சொல்லி அதைத் திருத்தக் கேட்பது?

போன கிழமை தம்பி அழைத்தான். இரண்டாம் பதிப்பின் முதல் பக்கத்தில் எனக்கு நன்றி போடப்போகிறானாம். வேண்டாம் என்றேன்.

"இன்னும் கோபமோ, அக்கா?"

"இல்லை."

மூன்றாம் அத்தியாயம் அப்படியே இருக்குமா என்று கேட்க வாயெடுத்தேன். அம்மா பக்கத்தில் நின்றார். தொலைபேசியை அவரிடம் கொடுத்துவிட்டு, சோதனைத் தாள்களைத் திருத்த எழும்பிப் போனேன்.