காற்றடிக்காமல் பார்த்துக்கொள்பவர்

டிஷ்யூ தாளை விரல் அகலத்துக்குக் கிழித்து, ஒரு நீளக் கம்பின் நுனியில் ஒட்டி, இறகுப்பந்துக் கோர்ட்டின் மூலையில் தூக்கிப் பிடித்துக்கொண்டு நிற்கிறார் ஜில்லண்ணன். புதிதாக வருகிறவர்களுக்கு இவர் மீன் பிடிக்கிறாரா ஒட்டடை அடிக்கிறாரா என்று புரியாது. தாள் லேசாக ஆடினால் போதும், முகம் சுருங்கிவிடும். "திருட்டுக் காத்து" என்று முணுமுணுத்தபடி மாடி ஏறி, கண்ணாடி ஜன்னல் வைத்த இயந்திர அறைக்குப் போய், அங்கிருக்கும் திருகுகளில் ஒன்றை முடுக்குவார். மறுபடி இறங்கி வந்து கம்பைத் தூக்குவார். காலையில் மட்டும் இப்படிப் பதினைந்து தடவை. மாடிப்படி தேய்கிறதோ இல்லையோ, அவருடைய இடது செருப்பு தேய்ந்துவிட்டது.

எங்கள் உள்ளரங்கத்தின் ஏசி ஆப்பரேட்டர் அவர். மூவாயிரம் பேர் உட்காரலாம். கூரையில் எட்டு இடங்களில் குளிர்காற்று இறங்கும் வாய்கள். எந்த வாயை எவ்வளவு திறப்பது என்பது இவர் கையில். வாரத்துக்கு ஒரு வேஷம் கட்டும் கட்டடம் இது. ஒரு நாள் பாட்டு, ஒரு நாள் மேஜிக், ஒரு நாள் குத்துச்சண்டை. அந்தந்த வேஷத்துக்கு ஏற்ற மாதிரி மூச்சு விட வைப்பது அவர் வேலை.

"பாட்டுக்காரங்களுக்குத் தொண்டை கட்டக் கூடாது. மேஜிக்காரனுக்குப் புகை கலையக் கூடாது. குத்துச்சண்டைக்கு எவ்ளோ வேணா ஊதலாம், அவனுங்களுக்கு உறைக்காது. இந்த ஷட்டில் இருக்கு பாரு, அதுக்கு ஒண்ணுமே வேணாம். அந்த ஒண்ணுமில்லாததைக் குடுக்கிறதுக்குத்தான் என் உயிர் போகுது."

இறகுப்பந்து ஐந்து கிராம்தான் இருக்கும். ஏசிக் காற்று பட்டால், ஒழுங்காக அடித்த அடியும் கோட்டைத் தாண்டிப் போய் விழும். அதனால் ஜில்லண்ணன் ஆட்ட நாட்களில் விடிந்ததும் ஏசியை முழு வேகத்தில் ஓட்டி, அரங்கத்தை ஐஸ் பெட்டி ஆக்கிவிடுவார். ஆட்டம் தொடங்கியதும் நிறுத்திவிடுவார். சேர்த்து வைத்த குளிர்தான் சாயங்காலம் வரை தாங்க வேண்டும். ஆகவே முதல் ஆட்டத்தில் ஜனம் பல் கிட்டிப்போய், "யோவ் ஏசி, எங்களைப் பிணவறையிலயா வச்சிருக்கே?" என்று கத்தும். கடைசி ஆட்டத்தில் அதே ஜனம் சட்டைப் பொத்தானைக் கழற்றிவிட்டுக்கொண்டு, "ஏசிக்காரன் செத்துட்டானா?" என்று கத்தும்.

இந்தத் திட்டில் பாதி அவர் மனைவிக்குப் போகும். அவர்தான் டிக்கெட் ஜன்னலில் உட்கார்ந்திருக்கிறார்.

"காலையில வந்து போர்வை கேக்கறான், சாயங்காலம் வந்து விசிறி கேக்கறான். இந்த மனுஷனைக் கட்டிக்கிட்டதுக்கு நான் ஒரு போர்வைக் கடை வச்சிருக்கலாம்."

"வையி. நான் குளிரை ஏத்தி விடறேன், உனக்கு வியாபாரம் பிச்சுக்கும்" என்பார் ஜில்லண்ணன்.

எனக்கும் அவருக்கும் பழக்கம் ஏற்பட்டது ஒரு குற்றத்தால். மேல் வரிசையில் உட்கார்ந்து, ஒன்பதாம் வகுப்புக் கணக்கு நோட்டைக் கிழித்து ராக்கெட் செய்து விட்டுக்கொண்டிருந்தேன். இலக்கு, கீழே நின்ற நடுவரின் வழுக்கை. ஜில்லண்ணன் மூச்சு வாங்க ஏறி வந்தார். காது போயிற்று என்று நினைத்தேன்.

"பன்னெண்டு விட்டிருக்கே. அதுல ஏழு இடது பக்கமே சாஞ்சுது. கவனிச்சியா?"

"இல்லண்ணே."

"கவனிக்காம எதுக்குடா விட்டே, மடையா? நோட்டுல மிச்சம் எத்தனை பக்கம் இருக்கு?"

"நாப்பது இருக்கும்."

"அந்த மூலைக்குப் போய் ஒண்ணு விடு. மெதுவா. எறியாத, சும்மா கைய விட்டுடு."

அன்று நாற்பது பக்கமும் பறந்தது. அந்த நோட்டால் ஒரு மனிதருக்கு உபயோகம் ஏற்பட்டது அதுவே முதல் தடவை. வாத்தியார் கேட்டால் நம்ப மாட்டார். அதிலிருந்து எனக்கு 'மேல்வரிசை' என்று பெயர். இயந்திர அறைக்குள் போகவும் அனுமதி கிடைத்தது.

போன மாதம் இளையோர் இறுதியாட்டம். ஆடிய இருவரில் ஒருத்தி என் அக்கா. ஜெயிப்பவளுக்குப் பயிற்சி விடுதியில் மூன்று வருஷம் இடம். தோற்பவளுக்கு ஒரு சின்னக் கோப்பை. அக்காவுக்கு இதுதான் கடைசி வாய்ப்பு. அடுத்த வருஷம் வயது தாண்டிவிடும். தோற்றால் துணிக்கடையில் நிற்க வேண்டியதுதான், அப்பா அங்கே பேசியே வைத்துவிட்டார். அவள் என் அக்கா என்று ஜில்லண்ணனிடம் நான் சொல்லவில்லை. நான் தம்பி என்று தெரிந்தால் அவளுடைய மரியாதை கெட்டுவிடும் அல்லவா.

ஆளுக்கு ஒரு செட் ஜெயித்து, மூன்றாவது செட் ஓடிக்கொண்டிருந்தது. காலையில் சேர்த்த குளிரெல்லாம் தீர்ந்துபோய் அரங்கம் இட்டலிப் பானை மாதிரி கொதித்தது. முதல் வரிசையில் கோட்டு போட்ட தலைமை விருந்தினர் நிகழ்ச்சி நிரலை விசிறியாக்கிவிட்டார். இயந்திர அறையில் போன் அடித்தது. மேனேஜர் குரல் எனக்கே கேட்டது.

"தலைவருக்கு வேர்த்து ஊத்துதுய்யா. போடு ஏசியை!"

"ஆட்டம் ஓடுது சார். இன்னும் நாலஞ்சு பாயின்ட்தான்."

"இப்ப போடலைன்னா நாளையிலேருந்து பார்க்கிங்ல நின்னு விசில் ஊது."

ஜில்லண்ணன் போனை வைத்துவிட்டுக் கீழே பார்த்தார். பதினேழுக்குப் பதினேழு.

"போட்டா என்ன ஆகும்ண்ணே?" என்றேன்.

"இந்தப் பக்கம் நிக்குதே, அந்தப் பொண்ணு உயரத் தூக்கித் தூக்கி அடிக்குது. காத்து அதுக்குப் பின்னாலேருந்து வரும். அடிக்கிறதெல்லாம் வெளியதான்."

இந்தப் பக்கம் நின்றது அக்கா.

"அந்தப் பொண்ணு அந்தப் பக்கம் நின்னிருந்தா?"

"அப்ப இன்னொண்ணு மாட்டும். யாரா இருந்தா என்னடா? ஆடுறது ரெண்டு பேரு. மூணாவது ஆளா நான் எதுக்கு உள்ள எறங்கணும்?"

சொல்லிவிட்டு அறையின் பின்பக்கம் போனார். அங்கே சுவரில் ஒரு பழைய ராட்சத விசிறி. இயந்திரங்களின் சூட்டைக் கட்டடத்துக்கு வெளியே தள்ளுவதற்காக வைத்தது. சத்தம் தாங்காமல் யாரும் அதைப் போடுவதில்லை. அரங்கத்துக்குள் அதிலிருந்து ஒரு சொட்டுக் காற்று வராது. உறுமல் மட்டும் கூரைத் தகரத்தைப் பிடித்துக்கொண்டு ஊரெல்லாம் போகும். ஜில்லண்ணன் அதன் சுவிட்சைத் தட்டினார்.

கூரை அதிர்ந்தது. மூவாயிரம் தலைகள் நிமிர்ந்தன.

"போட்டுட்டான்யா!" என்று ஒரு குரல். "ஸ்ஸ்... அப்பா" என்று ஒரு பெருமூச்சு கேலரி முழுக்க ஓடியது. கழற்றிய பொத்தானை ஒருவர் திரும்பப் போட்டுக்கொண்டார். ஒரு அம்மா குழந்தையின் கழுத்தில் துண்டைச் சுற்றிவிட்டார். தலைவர் நாற்காலியில் சாய்ந்து கண்ணை மூடினார். போன் மறுபடி அடித்தது.

"இப்பத்தான்யா உயிரே வந்துச்சு! இதை அப்பவே செஞ்சா என்ன?"

"தப்புதான் சார்" என்றார் ஜில்லண்ணன், மிகப் பணிவாக.

ஜன்னலுக்கு வெளியே கைப்பிடிக் கம்பியில் அவர் ஒட்டி வைத்திருந்த தாள்துண்டைப் பார்த்தேன். சுவரில் ஆணி அடித்த காலண்டர் கூட அதைவிட அதிகம் ஆடும். நானும் சின்ன வயதிலிருந்து குறும்பில் பெயர் வாங்கியவன்தான். ஆனால் ஒரே சுவிட்சில் மூவாயிரம் பேருக்குக் குளிர வைத்ததில்லை. அவர் காலில் விழலாம் போலிருந்தது.

இருபதுக்குப் பத்தொன்பது. இன்னும் ஒன்று எடுத்தால் அக்கா ஜெயிப்பாள். அக்கா பந்தை உயரத் தூக்கினாள். அது விளக்குகள் வரை போய், ஒரு கணம் யோசித்து, இறங்கியது. வெளியே போகும் என்று எதிராளி விட்டுவிட்டாள். பந்து கோட்டின் மேலேயே விழுந்தது. 'உள்ளே' என்று கோட்டு நடுவர் கையைக் கோட்டை நோக்கி நீட்டினார். அக்கா அப்படியே தரையில் உட்கார்ந்துவிட்டாள்.

"பாத்தியாடா? கிணத்துல கல் போட்ட மாதிரி, நேரா!" ஜில்லண்ணன் கண்ணாடியில் மூக்கு ஒட்ட நின்றார்.

"யாருண்ணே ஜெயிச்சது?"

"தெரியலையே. நான் ஷட்டிலைத்தான் பாத்தேன்."

பரிசளிப்பில் அக்கா நன்றி சொன்னாள். பயிற்சியாளருக்கு, அம்மாவுக்கு, அப்பாவுக்கு, மட்டைக்கு நரம்பு கட்டிக் கொடுத்தவருக்கு, கடவுளுக்கு. கூரையை யாரும் நினைக்கவில்லை. அவளைக் குற்றம் சொல்ல முடியாது. அடிக்காத காற்றுக்கு யார் நன்றி சொல்வார்கள்?

எனக்குத் தெரியுமே. அதனால் நான் மாடி ஏறினேன். படி முழுக்க மனப்பாடம் செய்தபடி போனேன்: 'அது எங்க அக்காண்ணே. ரொம்ப நன்றி.' ஐந்தே வார்த்தை. கதவைத் திறந்ததும் வாயிலிருந்து வந்தது வேறு.

"அண்ணே, பிஸ்கட் இருக்கா?"

"டப்பால பாரு" என்றார், திரும்பாமல்.

ராட்சத விசிறியை நிறுத்திவிட்டு ஏசியைப் போட்டிருந்தார். கீழே கூட்டம் கலைந்துகொண்டிருந்தது. அக்காவைச் சுற்றிப் போட்டோ எடுப்பவர்கள், அத்தைகள், மாமாக்கள், திடீர் மாமாக்கள். அரங்கத்தின் மறுகோடியில், மூன்றாவது காற்று வாய்க்கு நேர் கீழே, தோற்ற பெண் தரையில் தனியாக உட்கார்ந்திருந்தாள். தலையிலிருந்து தோள் வரை துண்டைப் போட்டு மூடியிருந்தாள். அவளுக்குப் பக்கத்தில் யாரும் போகவில்லை.

ஜில்லண்ணன் ஒரு கையைக் கண்ணாடியில் ஊன்றி, மறு கையால் மூன்றாம் எண் திருகை நூலளவு திருப்பினார். கீழே பார்த்தார். இன்னும் நூலளவு திருப்பினார். துண்டின் ஓரம் மெல்ல அசைகிற வரை கையை எடுக்கவில்லை.