வெயில் முகத்தில் விழும் பக்கம்

பாரிஸில் நான் தைக்கும் பட்டறையில், காலையில் நுழைந்ததும் எட்டுப் பேருக்கும் தனித்தனியாகக் கை கொடுக்க வேண்டும். ஒருவரை விட்டுவிட்டால் அவர் மாலைவரை முகத்தைத் தூக்கி வைத்திருப்பார். திருவண்ணாமலையில் என் தையல் கடைக்கு வந்தவர்களுக்குத் தலையை அசைத்தாலே போதும். கூச்சக்காரனான எனக்கு இந்த எட்டுக் கைகள் பழக இரண்டு வருடம் ஆனது.

சென்ற வாரம், பக்கத்து மெஷினில் தைக்கும் சிமோன், "உங்கள் நாட்டுப் படம்" என்று ஒரு சுவரொட்டியைக் காட்டினாள். மனோகரன் சாரின் முதல் படம். பெரிய கம்பெனிகளிடம் போகாமல் நண்பர்களைச் சேர்த்துக்கொண்டு படம் எடுத்தவர் அவர். பத்து வருடத்தில் மூன்றே படங்கள். பாட்டும் சண்டையும் இல்லாததால் ஒன்றுகூட எங்கள் ஊர்த் தியேட்டரில் ஓடவில்லை. அதற்காக அவர் வருந்தி நான் பார்த்ததில்லை.

எழுபதுகளின் கடைசியில் அந்தப் படத்துக்கு உடைகள் தைத்தவன் நான். கடைசி நாள் படப்பிடிப்பில் மிச்சம் ஒரே ஒரு ஃபிலிம் சுருள். மலை சுற்றும் பெண்களின் முகங்கள் காலை வெயிலில் தெரிய வேண்டும். படமே அதில்தான் முடிகிறது. சார் மலைக்குத் தெற்கே கேமராவை வைத்தார். பெண்கள் மேற்கே நடந்தார்கள், வெயில் முதுகில் விழுந்தது.

"அப்படியே திரும்பி எதிர்ப்பக்கமா வாங்கம்மா" என்றார்.

மலைக்கு மேற்கே உள்ள அடி அண்ணாமலை கிராமத்திலிருந்து நடிக்க வந்த பெண்கள் நின்றுவிட்டார்கள். "மலைய எடது கைப்பக்கம் விட்டு நடக்கறதா? ஆவாதுங்க" என்றாள் மூத்தவள்.

"நடிப்புதானேம்மா?"

"காலு நெசந்தானுங்களே! வெயிலு பட்டா மட்டும் நாங்க அழகாயிடுவோமா?"

எல்லோரும் சிரித்தார்கள். ஒருத்தியும் திரும்பவில்லை. வெயில் ஏறிக்கொண்டிருந்தது.

நான் அந்த மலையைக் கும்பிட்டுச் சுற்றியவன் இல்லை. தைத்த துணிகளைக் கொடுக்க வாரம் தவறாமல் சைக்கிளில் சுற்றியவன். அத்தனை பேர் முன்னால் வாயைத் திறந்தேன். "சார், அடி அண்ணாமலை தாண்டி வடக்கால போனா ரோடு கெழக்க திரும்பும். காலையில எனக்கு அங்கதான் கண்ணு கூசும். அவங்களும் சரியா நடப்பாங்க, வெயிலும் மூஞ்சிலயே விழும்."

"பாய், இத மொதல்லயே சொல்றதுக்கு என்னவாம்?"

"நீங்க கேக்கலியே சார்."

எல்லோரையும் வேனில் ஏற்றிக்கொண்டு போய், ஒரே தடவையில் எடுத்து முடித்தார். சில வருடங்களில் மச்சான் கூப்பிட்டு நான் பாரிஸ் வந்துவிட்டேன். படத்தைப் பார்த்ததே இல்லை.

நேற்று சிமோனோடு அந்தப் படத்துக்குப் போனேன். திரையில் மலை சுற்றுகிறவர்களைப் பார்த்து அவள் கேட்டாள்: "நீங்களும் இப்படிக் கும்பிட்டு நடப்பீர்களா?"

"இல்லை. நான் முஸ்லிம்."

"அப்படியானால் அது உங்கள் மலை இல்லையா?"

"எங்கள் மலைதான்" என்றேன். அவளுக்குப் புரியவில்லை. அதற்கு என் பிரெஞ்சு காரணமில்லை.

கடைசிக் காட்சி வந்தது. பெண்கள் கண்ணைச் சுருக்கிக்கொண்டு சூரியனைப் பார்த்து வருகிறார்கள். அவர்களுக்கு முன்னால் சாலையில், கேமராவுக்குப் பக்கத்தில் நின்றவனின் நிழல் நீளமாக விழுந்திருக்கிறது. கழுத்தில் போட்ட அளவு நாடாவின் இரண்டு முனைகளும் காற்றில் ஆடுகின்றன. மறுபடி எடுக்கச் சுருள் இல்லை. மனோகரன் சார் வெட்டவும் இல்லை. நான் பாரிஸ் நாற்காலியில் அசையாமல் உட்கார்ந்திருந்தேன். அந்தப் பெண்கள் ஒவ்வொருத்தியாக என் நிழலை மிதித்துக்கொண்டு ஊரைப் பார்க்க நடந்தார்கள்.