கற்பூரத்தை அணைத்து ஒரு சத்தியம்

“பெத்தவங்களுக்குச் சோறு போடலைன்னா கேக்கறதுக்கும் சட்டம் இருக்குதாம்” என்று எனக்கு முதலில் சொன்னது எங்கள் மகளிர் குழுத் தலைவி சரசக்கா, ஒரு மிளகு பறிப்பு சமயத்தில். அன்றிலிருந்து மலையில் இருக்கிற வயசானவர்களைக் கீழே இந்த மாதிரி கேஸை விசாரிக்கிற ஆர்டிஓ ஆபீசுக்குக் கூட்டிப் போய்க் கூட்டி வருவது என் வேலை. போகும்போது இருக்கிற தெம்பு திரும்பும்போது இருப்பதில்லை, அதுதான் இந்த வேலையின் லட்சணம்.

பிள்ளை பெற்று ஆளாக்கிய உங்களுக்கு இது புதுசா இருக்காது. எங்கள் மலையின் குண்டூர் நாட்டுப் பாப்பாத்தியக்காவைப் பற்றி மட்டும் சொல்கிறேன். வீட்டுக்காரர் போனபிறகு வீட்டையும் மிளகுக் காட்டையும் ஒரே மகன் பேருக்குத் தானமாக எழுதிக் கொடுத்துவிட்டார். இப்போது அவருக்குப் படுக்கை மிளகு காயவைக்கிற கொட்டகையில். அக்கா கேட்டது அதிகமில்லை. ஊட்டுக்குள்ளே படுக்க ஒரு மூலை, சாப்பிட வாம்மா என்று ஒரு குரல்.

பஸ்ஸில்

மனுக் கொடுத்து, விசாரணைக்குப் போகிற அன்று அக்கா மடியில் ஒரு பை. கொண்டை ஊசி வளைவில் பஸ் சாயும்போதெல்லாம் அதை இறுக்கிப் பிடித்துக்கொண்டார். மனுவோடு சேர்ந்த காகிதங்கள் என்றுதான் நினைத்தேன். பார்த்தால் மலைவாழைப் பழம்.

“ஏனக்கா, ஆபீசருக்கா? அதெல்லாம் வாங்க மாட்டாங்க” என்றேன். அக்கா முந்தானையால் பையை மூடிக்கொண்டார். “ஆபீசருக்கு என்னத்துக்கு? எம்பையன் பைக்குல வாரானாமா. வெறும் வயித்தோட வந்திருப்பான், கண்ணு.”

ஆபீசில்

அதிகாரி பொறுமையான பெண். பத்திரத்தைப் படித்துவிட்டு, “மகன் உங்களைப் பார்த்துக்கணும்னு இதுல ஒரு வரிகூட இல்லையேம்மா” என்றார். அந்த வரி இருந்திருந்தால் பத்திரத்தை ரத்து செய்வது சுலபமாம். இல்லாமலும் கேட்கலாம், ஆனால் கோர்ட்டு, வக்கீல் என்று இழுக்குமாம். “மாசா மாசம் செலவுக்குப் பணம் தரச் சொல்லி உத்தரவு போட முடியும்” என்றார்.

மகன் தலையைக் குனிந்தபடி நின்றிருந்தான். பழப்பை அவன் காலடியில் தொடாமல் இருந்தது. பத்திரம் எழுதிய அன்று அவன் அம்மன் முன்னால் கற்பூரத்தைக் கொளுத்தி, கையால் அடித்து அணைத்து, சாகும்வரை அம்மாவைப் பார்ப்பேன் என்று சத்தியம் செய்தவன். அதற்கு மேல் எங்கள் பக்கத்தில் யாரும் எதுவும் கேட்பதில்லை. “அப்பவே அதை எழுதச் சொல்லியிருக்கலாமே?” என்று அதிகாரி கேட்டதற்கு அக்கா பதறிப்போய்ச் சொன்னார்: “அதெப்படீங்க? கற்பூரம் அணைச்சதுக்கப்புறம் எழுதி வாங்குனா, அம்மனையே நம்பலைன்னு ஆயிருமுங்களே.”

சந்தையில்

உத்தரவு வந்தது, பணமும் வந்தது. மகன் பேசுவது நின்றுபோனது. அடிவாரத்துப் பேளுக்குறிச்சிச் சந்தையில் அவன் மிளகு மூட்டையோடு உட்கார்ந்திருந்தான். அக்கா என் கையை விட்டுவிட்டு ஓடினார். “சாமி, இளைச்சுட்டியேடா...”

பக்கத்துக் கடைக்காரர்கள் திரும்பிப் பார்த்தார்கள். அவன் தராசிலிருந்து கண்ணை எடுக்கவில்லை. “மாசம் பொறந்தா பணம் வருதல்ல? அப்புறம் என்ன? கேஸ் போட்டு வாங்குன மகன், ஆபீஸ் மகன். ஆபீசுல போய்ப் பேசிக்கங்க.” ‘நீ’ என்று கூப்பிட்டுக்கொண்டிருந்தவன் ‘ங்க’ போட்டுப் பேசினானே, அதுதான் அக்காவைச் சாய்த்துவிட்டது.

கோயிலில்

நான் விளக்குப் போடப் போனபோது அம்மன் முன்னால் அக்கா குப்புறக் கிடந்தார். நானும் பக்கத்தில் உட்கார்ந்தேன். ஊட்டுக்குள்ளே ஒரு மூலை கேட்கிறார் என்று நினைத்து, நானும் அதையே வேண்டிக்கொண்டேன்.

அக்கா எழுந்ததும், என்ன வேண்டினீங்க என்று கேட்டேன். திருநீற்றை என் நெற்றியில் வைத்துவிட்டுச் சொன்னார்: “சத்தியம் தவறுனவனை அம்மன் சும்மா விடமாட்டா, கண்ணு. எனக்குக் கொட்டகையே போதும், அவனை ஒண்ணும் பண்ணீராதேன்னு கேட்டேன்.”

எங்கள் வீட்டில்

போன வாரம் என் பெரிய மகன் வந்தான். காப்பிக் காட்டை அவன் பேருக்கு எழுதித் தரவேண்டுமாம். என் மகன் தங்கமானவன். பாப்பாத்தியக்காவும் தன் மகனை அப்படித்தான் சொல்லுவார்.

அடுப்பில் விறகைத் தள்ளிவிட்டுக்கொண்டிருந்தேன். அவன் என் கையைப் பிடித்துக்கொண்டான். “என்னம்மா யோசிக்கறே? வேணும்னா இப்பவே வா, அம்மன் முன்னால கற்பூரம் அணைக்கறேன்.”

ஊரில் இத்தனை பேருக்குத் துணைக்குப் போனவள் கேட்கிறேன்: பத்திர ஆபீசுக்கு என்னோடு யாராவது ஒருத்தர் துணைக்கு வாங்க, அந்த ஒரு வரியை எழுதச் சொல்ல எனக்கு வாய் வரமாட்டேன்கிறது.