குப்பனுக்கு ஒரு குப்பைமேடு

போன ஞாயிற்றுக்கிழமை காலை. பனி கலையவில்லை. கம்பளியைப் போர்த்திக்கொண்டு வாசலில் நின்றிருந்தேன். மில்லில் தங்கக் கல் இடிக்கிற சத்தம் கேட்டுக்கொண்டிருந்தது. இந்தத் தங்கவயலில் அதற்கு ராத்திரி பகல் ஏது? அதுபாட்டுக்கு இடிக்கும். பழகிவிட்டால் அதுவே தாலாட்டு. அந்த மயக்கத்தில், வழக்கம்போல, பெயர்களைப் பற்றி யோசித்துக்கொண்டிருந்தேன்...

என் கிறுக்கு உங்களுக்குத் தெரிந்ததுதானே! சுரங்க ஆபீசில் நான் ரைட்டர். நாள் முழுக்க ஆட்களின் பெயர் எழுதுகிற உத்தியோகம். துரைமாருக்குப் பெயருக்குப் பின்னால் குடும்பப் பெயர் ஒன்று உண்டு. நம்மவர்களைக் கேட்டால்? குடியாத்தம் முனுசாமி, ஆம்பூர் முனுசாமி... விட்டுவந்த ஊர்தான் குடும்பப் பெயர். அந்த ஊர்களில் பாதியை நான் பார்த்ததே இல்லை. ஆனாலும் எழுதும்போது ஏதோ ஓர் ஏரி, தண்ணீர்மேல் வெயில் என்று கண் சொக்கிவிடும். மேலதிகாரி கனைத்தால்தான் ஆபீசுக்குத் திரும்பி வருவேன்.

அன்றைக்கு என்னைக் கலைத்தவன் ஏழுமலை. ஷாஃப்டில், சுரங்கக் குழிக்குள், வேலை செய்கிறவன். அவனும் அவன் மனைவி அஞ்சலையும் பனிக்குள்ளிருந்து வந்தார்கள். அவள் கையில் பழம்புடவையில் சுற்றிய பச்சைக் குழந்தை.

"எங்கேப்பா இந்தக் குளிரில், பிள்ளையைத் தூக்கிக்கொண்டு?"

"கொயந்தைக்குப் பேரு வைக்கணும் ரைட்டரய்யா. குப்பன்னு."

புரிந்துவிட்டது. பிறக்கிற பிள்ளையெல்லாம் தவறிப்போகிற வீட்டில், அடுத்த பிள்ளையைக் குப்பைமேட்டில் புரட்டியெடுத்துக் குப்பன் என்று பெயர் வைப்பார்கள். குப்பைதானே என்று எமன் தாண்டிப் போய்விடுவானாம். நான் தினம் எழுதுகிற பட்டியலில் எத்தனை குப்பன், குப்புசாமி, குப்பம்மா! அத்தனை பேருக்கும் முன்னால், பட்டியலுக்கு வராத அண்ணனோ அக்காவோ உண்டு.

"முன்னாடி ரெண்டுக்கும் ராஜா, ராணின்னு வச்சோம்" என்றான் ஏழுமலை. "ரெண்டும் பூடுச்சு. இது மூணாவது."

"சரி, உங்கள் லைன் வீடுகளில் இல்லாத குப்பையா?"

"எங்கய்யா கீது? பிளேக் பயம் வந்ததிலேர்ந்து தெனம் பெருக்கி அள்ளிக்கினு போயி கொளுத்திடறாங்க. ஒரு கூடை குப்ப இல்ல. அதான் மில்லு மண்ணுமேட்டுக்குப் போறோம். தங்கத்தெ எடுத்துட்டு வீசின மண்ணு. அதவிடக் குப்ப இன்னா கீது?"

அடடா, என்ன யோசனை! ஒரு நிமிஷம் நானே சொக்கிப்போனேன். வெள்ளை வெளேரென்ற மணல் மலை, பனி, அதன்மேல் கைகாலை உதைக்கிற ஒரு பிள்ளை...

அப்புறம்தான் உறைத்தது. சயனைடு ஊற்றித் தங்கம் பிரித்த மண் அது! அந்த மேட்டோரம் தேங்கிய தண்ணீரைக் குடித்த ஆடுகள் சுருண்டு விழுந்ததை நானே பார்த்திருக்கிறேன்.

"ஐயையோ, வேண்டாம்! அது விஷம். வாயில் ஒரு துளி போனால் பிள்ளை தாங்காது!"

அஞ்சலை குழந்தையை மார்போடு இறுக்கிக்கொண்டாள். "அப்போ நான் எங்கதான் போறது சாமி? இன்னிக்கு பதினோராம் நாளு, பேரு வைக்கிற நாளு. இதுவும் பூடுச்சின்னா நான் இன்னா பண்ணுவேன்?" என்று அழ ஆரம்பித்துவிட்டாள்.

என் வாய் சும்மா இருக்குமா? "எமனாவது, பெயர் பார்ப்பதாவது! லட்சணமாய்ப் பொன்னுசாமி என்று வையம்மா. பொன் என்றால்..." என்று அர்த்தம் சொல்லப் புறப்பட்டேன்.

"போதும், நிறுத்துங்க" என்றது பின்னால் ஒரு குரல். என் மனைவி.

நிறுத்திவிட்டேன். மூன்று வருஷத்துக்கு முன் எங்களுக்கு ஒரு பெண் பிறந்தாள். நிகண்டைப் புரட்டி, அர்த்தம் பார்த்து, ஓசை பார்த்து, கனகவல்லி என்று பெயர் வைத்தேன். தங்கக்கொடி. நாற்பது நாள் இருந்தாள். வாராவாரம் இந்தப் பத்தியில் எதையெல்லாமோ எழுதியிருக்கிறேன், இதை எழுதத் தைரியம் வந்ததில்லை.

"நம்ம கொல்லைக்கு வாம்மா" என்று அஞ்சலையைக் கூட்டிக்கொண்டு போனாள் என் மனைவி. எங்கள் கொல்லையில் — வெட்கத்தை விட்டுச் சொல்கிறேன் — சாம்பலும் சருகும் வாழைமட்டையுமாக ஒரு குப்பைமேடு உண்டு. சுகாதார இன்ஸ்பெக்டர் கண்ணில் படாமல் தட்டி வைத்து மறைத்திருந்தேன். என் சோம்பேறித்தனமும் ஒருநாள் உதவியது, பாருங்கள்!

அஞ்சலை பிள்ளையைச் சருகின்மேல் மெல்லப் புரட்டினாள். அங்கேயே விட்டுவிட்டு, முறைப்படி, திரும்பிப் பார்க்காமல் வேலி வரை நடந்தாள். என் மனைவி போய் எடுத்தாள். எறிந்த பிள்ளை கண்டெடுத்தவளுக்குச் சொந்தம். பெற்றவள் தவிடு கொடுத்து விலைக்கு வாங்கிக்கொள்ள வேண்டும். தவிட்டுக்கு வாங்கிய பிள்ளை எமனுக்கு எதற்கு?

அஞ்சலை வந்தாள். மடியில் முடிந்துவந்த தவிட்டை எங்கள் முறத்தில் கொட்டி நீட்டினாள். "அம்மா, அந்தக் குப்பனை எனக்குக் குடுங்க."

என் மனைவி பிள்ளையின் நெற்றியில் ஒட்டியிருந்த சாம்பலை விரலால் துடைத்துக்கொண்டே நின்றாள். மில் இடித்துக்கொண்டே இருந்தது. ஏழுமலை என்னைப் பார்த்தான். தராமலே இருந்துவிடுவாளோ என்று எனக்குப் பயமாகவே இருந்தது.

"குப்பா" என்றாள் கடைசியில், அதன் காதோடு. "குப்பா... குப்பா." மூன்று தரம். பிறகு பிள்ளையைக் கொடுத்துவிட்டு முறத்தை வாங்கிக்கொண்டாள்.

இந்த வாரம் நான் எந்தப் பெயருக்கும் அர்த்தம் தேடவில்லை. குப்பன் என்றால் 'நீ இருந்தால் போதும்' என்று எந்த நிகண்டில் போட்டிருக்கிறது, சொல்லுங்கள்?

எங்கள் வீட்டில் மாடு கிடையாது. ஆனாலும் அந்தத் தவிடு, மூடி போட்ட பானையில், பத்திரமாக இருக்கிறது.